ஸ்டோராரோ படங்களில் எந்த ஃப்ரேமைப் பார்த்துக் கற்பது?

கேள்வி: உதவி ஒளிப்பதிவாளராக வேலை செய்கிறேன். ஃப்ரேம் வைக்கப் பழகுவதற்காக இத்தாலிய ஒளிப்பதிவாளர் விட்டோரியோ ஸ்டோராரோவின் படங்களை நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறேன். ‘அபோகலிப்ஸ் நவ்’ என்னிடம் இரண்டு பிரதி இருக்கிறது, ஒன்றில் இரு பக்கமும் வெட்டுப்பட்டிருக்கிறது. எது சரி?

அகலமானதையே பாருங்கள். மற்றதை டிவிடி போட்டவர்கள் வெட்டிவிட்டார்கள் என்று நினைத்திருப்பீர்கள், ஆனால் அந்த அளவைக் கொண்டுவந்தவர் ஸ்டோராரோவேதான்.

1940-ல் ரோமில் பிறந்தவர், அப்பா புரொஜெக்டர் ஆபரேட்டர். ‘அபோகலிப்ஸ் நவ்’, ‘ரெட்ஸ்’, ‘தி லாஸ்ட் எம்பரர்’ மூன்றுக்கும் ஆஸ்கர் வாங்கியவர். ஒரே படம் தியேட்டரில் ஓர் அளவிலும் டிவியில் வேறு அளவிலும் தெரிவது அவரை ரொம்பவே உறுத்தியது. 1998 வாக்கில் ஒரு வழி சொன்னார்: 65 எம்எம் படத்தின் விகிதம் (உயரத்துக்கு அகலம் எத்தனை மடங்கு என்பது) 2.20, எச்டி டிவியுடையது 1.78, இரண்டுக்கும் நடுவே 2.00 என்று வைத்துக்கொண்டால் எங்கே போட்டாலும் ஒரே ஃப்ரேம்தான். அதற்கு யூனிவிசியம் என்று பெயர். 35 எம்எம் ஃபிலிமில் ஒரு ஃப்ரேமுக்கு ஓரத்தில் நான்கு துளை உயரத்துக்குப் பதில் மூன்று துளை உயரம் போதும், ஃபிலிமில் கால்வாசி மிச்சம். நல்ல யோசனைதான், இன்று ஓடிடி தொடர்கள் எத்தனையோ 2:1-ல்தான் வருகின்றன.

சிக்கல் எங்கே என்றால், பழைய படங்களுக்கும் அதையே போட்டார். ‘அபோகலிப்ஸ் நவ்’ பிலிப்பைன்ஸில் அனமார்ஃபிக் லென்ஸில் (அகலமான காட்சியைப் பக்கவாட்டில் சுருக்கி ஃபிலிமில் பதிக்கும் லென்ஸ்), 2.35-க்கு எடுத்த படம். அதே உயரத்தில் 2.00 ஆக்கினால் அகலத்தில் சுமார் 15 சதவீதம் போய்விடும், அதாவது ஒரு ஆளை ஓரத்தில் நிறுத்தி அவருக்குப் பக்கத்தில் காட்டையும் புகையையும் விட்ட இடம் இருக்கிறதே, அதில்தான் கத்தி விழுகிறது. அவர்மேல் எனக்கு அளவில்லாத மரியாதை உண்டு, ஆனாலும் இந்த ஒரு விஷயத்தில் அவர் பக்கம் நிற்க முடியவில்லை. படப்பிடிப்பில் வியூஃபைண்டர் வழியாக அவர் கண் தீர்மானித்த ஓரம்தான் நீங்கள் படிக்க வேண்டியது.

கண்டுபிடிப்பது சுலபம். 1920 x 1080 திரையில் முழுதாக ஓடவிட்டு ஸ்க்ரீன்ஷாட் எடுங்கள். மேலும் கீழும் கறுப்புப் பட்டை தலா 130 பிக்சல் இருந்தால் 2.35, தலா 60 தான் என்றால் 2.00. ‘அபோகலிப்ஸ் நவ்’ 2010 ப்ளூரேயில் முழு அகலமும் திரும்ப வந்துவிட்டது. ‘தி லாஸ்ட் எம்பரர்’ வாங்கும்போது கவனம், 2008-ல் கிரைட்டீரியன் என்ற டிஸ்க் நிறுவனம் போட்ட பதிப்பு 2:1 (அதாவது 2.00) தான். நிறத்துக்கும் ஒளிக்கும் அதைப் பார்க்கலாம், ஃப்ரேம் ஓரத்துக்கு வேண்டாம்.

அப்புறம், ‘டாங்கோ’, ‘கஃபே சொசைட்டி’ மாதிரிப் பிந்தைய படங்களை 2:1-க்கென்றே ஃப்ரேம் வைத்து எடுத்தார். அவற்றுக்கு இதைவிட அகலமான பிரதி தேடி அலைய வேண்டாம்.