ஐஸ் கம்பெனி இரைச்சல்: சராசரி 85 தானா?

மண்டபம் ஐஸ் கம்பெனியில் ஐஸ் உடைக்கும் மெஷின் பக்கத்தில் 2 மணி நேரம் 100 டெசிபல், மீதி 6 மணி நேரம் 80. அப்போது சராசரி 85 தானே என்று கேட்டிருக்கிறீர்கள்.

இல்லை, 94. டெசிபல் மடக்கை (log) அளவு என்பதால் நேரடியாகக் கூட்டி வகுக்க முடியாது. 80-ஐவிட 100-இல் ஒலியாற்றல் 100 மடங்கு!

சரி, கணக்கு இப்படி: ஒவ்வொரு அளவையும் 10-ஆல் வகுத்து, 10-இன் அடுக்காக்குங்கள். அந்தந்த நேரத்தால் பெருக்கிக் கூட்டி, 8-ஆல் வகுங்கள். கிடைத்ததற்கு மடக்கை எடுத்து 10-ஆல் பெருக்குங்கள். அந்த 6 மணி நேர ஒலியைக் கூட்டாமல் விட்டு, 8-ஆலேயே வகுத்தாலும் ஏறக்குறைய அதே 94 தான் வரும்.

அமெரிக்காவின் பணியிடப் பாதுகாப்பு ஆய்வு நிறுவனமான நயோஷ் (NIOSH) பரிந்துரைப்படி, ஒரு நாளில் இரைச்சலில் இருக்கக்கூடிய நேரம் 85 என்றால் 8 மணி நேரம், 100 என்றால் வெறும் 15 நிமிடம். காதடைப்பான் இல்லாமல் அங்கே நிற்காதீர்கள்.