யார் யாருக்கு வழங்கியது?

கேள்வி: பிரேசிலில் அடிமைகளுக்கு விடுதலை வழங்கிய நாள் மே 13. அதை விட்டுவிட்டு, தோற்றுப்போய்த் தலை வெட்டப்பட்ட ஒருவரின் நினைவு நாளான நவம்பர் 20ஐக் கறுப்பின விழிப்புணர்வு நாள் என்று தேசிய விடுமுறையாக்கியிருக்கிறார்களே, இது சரியா?
- ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: சரிதான். ஆனால் அதற்கு முன்னால் உங்கள் கேள்வியில் உள்ள 'வழங்கிய' என்ற சொல்லைக் கொஞ்சம் வெளியே எடுத்து வையுங்கள். இந்தச் சொல்லோடு எனக்கு இருபது வருஷத்துப் பகை. எங்கள் அலுவலகத்தில் புரூஃப் பார்ப்பவர்களைக் கேட்டால் சொல்வார்கள். நாற்பது வருஷமாக ஓர் இடத்தில் குடியிருந்து, மனு மேல் மனு கொடுத்து, கோர்ட்டுக்கு நடந்து செருப்புத் தேய்ந்த பிறகு ஒரு குடும்பத்துக்குப் பட்டா கிடைக்கும். மறுநாள் செய்தியில் 'பட்டா வழங்கினார்' என்று வரும். நடந்தவர்கள் எல்லோரும் படத்தின் ஓரத்துக்குப் போய்விடுவார்கள். அந்த ஒரு வினைச்சொல் அவ்வளவு பேரையும் நகர்த்திவிடுகிறது.

மே 13இலும் அதுதான் நடந்தது. 1888இல் இளவரசி இசபெல் தங்கப் பேனாவால் கையெழுத்துப் போட்டார். சட்டத்தில் மொத்தமே இரண்டு பிரிவுகள். இன்று முதல் அடிமைமுறை கிடையாது என்பது ஒன்று, இதற்கு எதிரான பழைய விதிகள் ரத்து என்பது மற்றொன்று. ஒரு துண்டு நிலம் இல்லை, கூலி பாக்கி இல்லை, பள்ளிக்கூடம் இல்லை. ஆப்பிரிக்காவிலிருந்து ஏறத்தாழ 48 லட்சம் பேரைக் கொண்டுவந்து இறக்கிய நாடு அது, அமெரிக்கக் கண்டத்தில் கடைசியாக அடிமைமுறையை விட்ட நாடும் அதுதான்.

அதுவும் யார் விட்டது? சாவோ பாலோ காப்பித் தோட்டங்களிலிருந்து ஆட்கள் கும்பல் கும்பலாக இறங்கிப் போய்க்கொண்டிருந்தார்கள். 1887இல் ராணுவ அதிகாரிகளின் சங்கமே இளவரசிக்கு மனுப் போட்டது: ஓடிப்போனவர்களைத் துரத்திப் பிடிக்கிற வேலைக்கு எங்களை அனுப்பாதீர்கள் என்று. பிடித்துவர ஆள் இல்லாத நிலையில் வந்த கையெழுத்து அது. அதனால் இளவரசியைத் தூற்ற வேண்டும் என்று நான் சொல்லவில்லை, வரிசையைச் சரியாக வைக்கத்தான் சொல்கிறேன்.

இப்போது 'தோற்றுப்போன' உங்கள் ஆளுக்கு வருகிறேன். இன்றைய அலகோவாஸ் மாநிலத்தில் பாரிகா மலைப்பகுதி. அங்கே பனை இனத்து மரங்கள் அடர்ந்திருந்ததால் பால்மாரஸ், அதாவது பனந்தோப்புகள் என்று பெயர். கரும்புத் தோட்டங்களிலிருந்து தப்பியவர்கள் அங்கே ஊர் ஊராகக் குடியேறி, மக்காச்சோளமும் மரவள்ளியும் போட்டு, வேலி கட்டி, கிட்டத்தட்ட ஒரு நூற்றாண்டு தாக்குப்பிடித்தார்கள். 1678இல் பெர்னாம்புகோ ஆளுநர் ஒரு சமரசம் பேசினார். பால்மாரஸில் பிறந்தவர்களுக்கு விடுதலை உண்டு, தோட்டங்களிலிருந்து ஓடிவந்தவர்களைத் திருப்பி ஒப்படைக்க வேண்டும். தலைவர் கங்கா சும்பா ஒத்துக்கொண்டார். உங்கள் ஆளான சும்பி முடியாது என்றார்.

என்னை உலுக்குவது அந்த 'முடியாது'தான். நேற்று ராத்திரி முள்வேலி தாண்டி, கணுக்காலில் விலங்குத் தழும்போடு வந்து நிற்கிறவனைத் திருப்பி அனுப்பிவிட்டு வாங்குகிற விடுதலை எனக்கு எதற்கு என்கிற கேள்வி அதில் இருக்கிறது. வழங்கப்பட்டதை ஒருவர் வாங்க மறுத்தார், வாசகரே! 1694 பிப்ரவரியில் காலனி ஆட்சியின் படைகள் பீரங்கிகளோடு வந்து பால்மாரஸின் தலைநகர் மக்காக்கோவை அழித்தன. மறு ஆண்டு நவம்பர் 20 அன்று சும்பியைக் கொன்றார்கள். தலையை ரெசிஃபியில் எல்லோரும் பார்க்கிற இடத்தில் கழியில் நட்டார்கள். ஏன் தெரியுமா? அவருக்குச் சாவே கிடையாது என்று அடிமைகள் நம்பினார்கள், அந்த நம்பிக்கையை உடைக்க வேண்டியிருந்தது.

1971இல், ராணுவ ஆட்சி நடந்த காலத்தில், தெற்கே போர்ட்டோ அலெக்ரே நகரத்தில் கவிஞர் ஒலிவேரா சில்வேராவும் அவர் நண்பர்களும் உட்கார்ந்து யோசித்தார்கள். மே 13 எங்களுடைய நாள் இல்லை, நவம்பர் 20தான் எங்கள் நாள் என்று முடிவு செய்தார்கள். அது தேசிய விடுமுறையாகச் சட்டமாவதற்கு 2023 டிசம்பர் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 2024இல்தான் நாடு முழுக்க முதல் விடுமுறை. பாருங்கள், இந்த விடுமுறையைக்கூட யாரும் வழங்கவில்லை, ஐம்பது வருஷம் கேட்டு வாங்கினார்கள்.

அப்புறம், கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், எனக்கு மனசு கேட்காது. வடகிழக்கில் சியாரா மாநிலம். 1877இல் தொடங்கிய பெரும் பஞ்சத்தில் அங்கிருந்த முதலாளிகள் அடிமைகளைத் தெற்கே விற்றுத் தள்ளினார்கள். ஃபோர்டலேசா கரையில் கப்பல் அணைய வசதி இல்லை. ஆட்களைக் கட்டைகளைப் பிணைத்துச் செய்த மிதவையில் ஏற்றி, அலை தாண்டிக் கொண்டுபோய்த்தான் கப்பலில் ஏற்ற வேண்டும். நம் கட்டுமரம் மாதிரியேதான் இருக்கும். பாய் உண்டு, துடுப்பு உண்டு, கால் எப்போதும் தண்ணீரில்தான். அதன் பெயர் ஜங்காடா. போர்த்துக்கீசியர் மலபார்க் கரையில் கேட்ட 'சங்ஙாடம்' என்ற மலையாளச் சொல்தான் கடல் கடந்து அங்கே போய் அப்படி ஆனது.

1881 ஜனவரியில் அந்த ஜங்காடாக்காரர்கள், இந்தத் துறையிலிருந்து இனி ஓர் அடிமையும் கப்பல் ஏறமாட்டான் என்று மிதவைகளை மணலில் இழுத்துப் போட்டுவிட்டார்கள். முன்னால் நின்றவர்களில் ஒருவர் ஜோசே நெப்போலியன், தன் விடுதலையைத் தானே காசு கொடுத்து வாங்கியவர். இன்னொருவர் பிரான்சிஸ்கோ ஜோசே டோ நாசிமென்டோ, துறைமுகத்தில் கப்பலுக்கு வழிகாட்டும் வேலையில் இருந்தவர். அந்த வேலை போயிற்று. 1884 மார்ச் 25 அன்று, இளவரசியின் பேனாவுக்கு நான்கு ஆண்டு முன்பே, சியாராவில் அடிமைமுறை ஒழிந்தது. நாசிமென்டோ தன் ஜங்காடாவைக் கப்பலில் ஏற்றி ரியோவுக்குக் கொண்டுபோனார். அன்றைய தலைநகரான அந்த ஊரின் தெருக்களில் ஊர்வலமாக அதைக் கொண்டுபோனார்கள். அதற்கு அவர் வைத்திருந்த பெயர் லிபர்தாதே, விடுதலை.