ஏழு பூனைக்கு மட்டும் ஏன் ‘ஜி’?

வாசகர் கேள்வி – பதில் | இந்த இதழில்: ஐரிஷ் மொழி

கேள்வி (லாஸ்பேட்டை, புதுச்சேரி): மூன்று மாதமாக ஐரிஷ் படிக்கிறேன். பூனைக்கு ‘கட்’ என்று பாடத்தில் இருந்தது. அடுத்த பாடத்தில் அதே சொல்லில் சி-க்குப் பின்னால் ஹெச் வருகிறது. அதற்கடுத்த பாடத்தில் முன்னால் ஜி ஒட்டிக்கொள்கிறது. ஜி-யில் தொடங்குவதாக அச்சு அகராதியில் தேடினால் கிடைக்கவில்லை. எது சரி?

பதில்: மூன்றும் சரி, மூன்றும் ஒரே சொல். தமிழில் ‘கல்’, ‘மகன்’, ‘சங்கு’ என்று சொல்லிப் பாருங்கள். எழுதுவது ஒரே க. ஆனால் சொல்லின் முதலில் வல்லென்று நிற்கிறது, உயிர்களுக்கு நடுவே உரசி ஹகரத்தை நெருங்குகிறது, ங் பக்கத்தில் வந்தால் கனத்துவிடுகிறது. ஐரிஷ் மொழியிலும் இதுதான் நடந்தது. அங்கே முந்தைய சொல்லின் கடைசி ஒலி, அடுத்த சொல்லின் முதல் எழுத்தைப் பாதித்தது. பிறகு அந்தக் கடைசி ஒலிகள் தேய்ந்து மறைந்தன; பாதிப்பு மட்டும் நிலைத்துவிட்டது.

‘என்’ என்பதற்கு ‘மொ’. அது பழங்காலத்தில் உயிரொலியில் முடிந்தது. அதனால் என் பூனை ‘மொ ஃகட்’. தொண்டையை உரசும் ஒலி, எழுத்தில் சி-யோடு ஹெச். ‘எங்கள்’ என்பதற்கு ‘ஆர்’. அதன் கடைசியில் அக்காலத்தில் மூக்கொலி இருந்தது. அதனால் அடுத்து வரும் க, சங்கில் வரும் க-வாகிறது. ஜி எழுதியபின் மூல எழுத்தான சி-யையும் விடாமல் எழுதுவார்கள். ஆனால் ஒலிப்பது ஜி மட்டுமே. முதல் மாற்றத்துக்கு ‘ஷேவூ’ என்றும், இரண்டாவதற்கு ‘உரூ’ என்றும் பெயர்.

எண்களைப் பார்த்தால் இது நன்றாகப் புரியும். 1 முதல் 6 வரை பூனைக்கு ஹெச். 7 முதல் 10 வரை ஜி. பழைய ஏழு, ஒன்பது, பத்து ஆகியவை மூக்கொலியில் முடிந்தவை. எட்டு அப்படி முடியவில்லை. ஏழுக்கும் ஒன்பதுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு அவற்றைப் போலவே நடக்கப் பழகிவிட்டது. எண்ணுக்குப் பின் பெரும்பாலும் ஒருமைதான் வரும். நாம் பேச்சில் ‘ஏழு பூனை’ என்கிறோமே, அதேதான்.

இதை அலங்காரம் என்று எண்ணித் தள்ளிவிடாதீர்கள். ‘அ’ என்ற ஒரே சொல்லுக்கு அவனுடைய, அவளுடைய, அவர்களுடைய என்று மூன்று பொருள். ஹெச் வந்தால் அவன் பூனை, மாறாமல் நின்றால் அவள் பூனை, ஜி வந்தால் அவர்கள் பூனை. முதல் எழுத்தைத் தவறவிட்டால் பூனை யாருடையது என்றே தெரியாது.

அகராதிக்கு வழி: சொல் ஜிசி, டிடி, பிபி, எம்பி, என்டி, என்ஜி என்று தொடங்கினால் முதல் எழுத்தை நீக்கிவிட்டுத் தேடுங்கள். இதில் டிடி என்பது டி-யும் (தாய்க்கு வரும் த) அதற்கு முன் கனத்த டி-யும் சேர்ந்தது. பிபி-யில் முன்னது கனத்த பி. பிஹெச்எஃப் என்று தொடங்கினால் இரண்டு எழுத்தை நீக்கி எஃப்-இல் தேட வேண்டும். இரண்டாம் எழுத்து ஹெச் என்றால் அதை மட்டும் எடுத்துவிடுங்கள்.

கேள்வி (மஞ்சக்குப்பம், கடலூர்): மூன்று வட்டார வழக்கு என்கிறார்கள். எதைப் படிப்பது? பொதுவழக்கு ஒன்று இருக்கிறதாமே, அது போதாதா?

பதில்: பொதுவழக்கு 1958இல் அரசு வெளியிட்டது, 2012, 2017இல் திருத்தினார்கள். அது எழுத்துக்கும் இலக்கணத்துக்கும் ஏற்பட்டது, உச்சரிப்பைச் சொல்வதில்லை. அது யாருக்கும் தாய்மொழியும் அல்ல. எழுத அதை வைத்துக்கொள்ளுங்கள். பேச ஒரு வட்டாரம் வேண்டும்.

மொழியின் பெயரே இடத்துக்கு இடம் மாறும். மேற்கே கொனாக்டில் ‘கேல்கெ’, தெற்கே மன்ஸ்டரில் ‘கேலிங்’, வடக்கே அல்ஸ்டரில் ‘கேலிக்’. நலமா என்று கேட்க மன்ஸ்டரில் ‘கொனஸ் தீ’, கொனாக்டில் ‘கே ஃகீ வில் தூ’, அல்ஸ்டரில் ‘கஜே மர் அதா தூ’. உருளைக்கிழங்குக்கும் மூன்று பெயர். பெண் பிள்ளை ‘கலீன்’. மன்ஸ்டரில் அழுத்தம் ‘லீன்’ மேல் விழும், மற்ற இரண்டிலும் முதல் அசை மேல்.

தமிழருக்கு மன்ஸ்டர் வினைச்சொல் எளிது. ‘கண்டேன்’ போல ‘ஃகொனக்’ என்ற ஒரே சொல்லில் ‘நான்’ அடங்கிவிடும். மற்ற இடங்களில் ‘ஃகொனிக் மே’ என்று பிரித்துச் சொல்வார்கள். ஆனாலும் எங்கள் ஓட்டு கொனாக்டுக்கே, குறிப்பாக கானமாரா பகுதிக்கு. அங்கே பேசும் மக்கள் அதிகம், ஐரிஷ் வானொலியின் தலைமையகமும் அங்கேதான். 1972இல் தொடங்கிய அந்த வானொலியை இணையத்தில் கேட்கலாம். அங்கே காலை 8 மணி என்றால் நமக்குக் குளிர்காலத்தில் பகல் 1.30, கோடையில் 12.30.

ஒலிப்பதிவு யாருடையது என்று பார்த்துக் கேளுங்கள். 2022 கணக்கெடுப்பில் அயர்லாந்துக் குடியரசில் ஐரிஷ் தெரியும் என்றவர்கள் ஏறத்தாழ 18.7 லட்சம் பேர். வகுப்புக்கு வெளியே தினமும் பேசுவோர் 72 ஆயிரத்தைத் தொடவில்லை. பள்ளியில் படித்தவர் பலர் ‘ஃக’வை வெறும் ‘க’ ஆக்கிவிடுவார்கள். ‘ட்யங்லன்’ என்ற இலவச இணைய அகராதியில் சொற்களுக்கு மூன்று வட்டார உச்சரிப்பும் கிடைக்கும். முதல் ஓராண்டு ஒரே வட்டாரத்தின் பொத்தானை அழுத்துங்கள். மூன்றையும் கலந்தால் எந்த ஊர்க்காரர் காதுக்கும் ஒட்டாது.

கேள்வி (வில்லியனூர்): எழுதியிருக்கும் உயிரெழுத்தில் பாதி ஒலிப்பதே இல்லையே, ஏன்?

பதில்: அவை பக்கத்து மெய்க்காக நிற்பவை. ‘ஷான்’ என்ற பெயரில் எஸ்-ஐ அடுத்து வரும் இ எழுத்து ஒலிக்காது. அந்த எஸ்-ஐ ‘ஷ’ ஆக்குவதோடு அதன் வேலை முடிந்தது. நம் துணைக்காலும் தனியாக ஒலிப்பதில்லை அல்லவா? ஒரு மெய்யின் இருபுறமும் ஒரே இன உயிர்கள் நிற்க வேண்டும் என்பது விதி: ஆங்கில எழுத்துப் பெயர்களில் சொன்னால் இ, ஐ ஓரினம், ஏ, ஓ, யூ மற்றோரினம்.

கேள்வி (திருப்பாதிரிப்புலியூர்): பழைய ஐரிஷ் நூல் ஒன்றின் படி கிடைத்தது. மெய்களின் தலையில் புள்ளி இருக்கிறது. நம் புள்ளி போன்றதா?

பதில்: இல்லை. அங்கே ஒரு புள்ளி என்றால் ஒரு ஹெச், அவ்வளவுதான். அந்த எழுத்துருவில் ஆரும் எஸ்ஸும் ஒன்றுபோல் தோன்றும், கவனம். எழுத்துக்கூட்டலும் பழையதாக இருக்கும். கொதிக்கவைத்தலுக்கான சொல்லை முன்பு 13 எழுத்தில் எழுதினார்கள். 1940களின் சீர்திருத்தத்துக்குப் பின் 6 எழுத்து. பழைய நூலுக்கு 1927ஆம் ஆண்டின் தினீன் அகராதியும், புதியதற்கு 1977ஆம் ஆண்டின் ஓ டோனல் அகராதியும் ஏற்றவை.

கேள்வி (தேவனாம்பட்டினம்): எங்கள் ஊர்க் கோட்டையைப் பிடித்த லாலி ஐரிஷ்காரரா?

பதில்: பிறந்தது பிரான்சில், 1702இல். தந்தை அயர்லாந்தின் கால்வே பகுதியிலிருந்து போனவர். 1758 ஜூனில் செயின்ட் டேவிட் கோட்டையை லாலி பிடித்தபோது அவருடன் இருந்தது பிரெஞ்சுப் படையின் ஐரிஷ் பிரிவைச் சேர்ந்த அவர் பெயரிலான ரெஜிமென்ட். 1761 ஜனவரியில் புதுச்சேரியை லாலி ஒப்படைத்தது ஆங்கிலேயத் தளபதி அயர் கூட்டிடம். கூட்டோ அயர்லாந்தின் லிமெரிக் பகுதியில் பிறந்தவர்.

மொழிக்கு நெருக்கமான ஆள் வேறு ஒருவர் உண்டு. டப்ளினில் பிறந்த விட்லி ஸ்டோக்ஸ் 1862இல் சென்னைக்கு வழக்கறிஞராக வந்தார். இந்தியச் சட்டங்களை வகுத்துக்கொண்டே, பழைய ஐரிஷ் உரைகளைப் பதிப்பித்தார். அவற்றுள் ஒன்று 1866இல் கல்கத்தாவில் அச்சானது.