பல்பைப் போட்டால் ரேடியோ இரைகிறது: யாரிடம் கேட்பது?

கேள்வி: புனலூருக்குக் கல்யாணத்துக்குப் போனபோது, விலை குறைவாக இருக்கிறதே என்று ஆறு எல்.இ.டி. பல்புகள் வாங்கிவந்தேன். கூடத்தில் ஒன்றை மாட்டியதிலிருந்து அப்பாவின் ரேடியோவில் திருநெல்வேலி நிலையம் கேட்பதில்லை, ஒரே இரைச்சல். பல்பை அணைத்தால் தெளிவாகிவிடுகிறது. கடைக்காரரோ, “பெட்டியில் சி.இ., எஃப்.சி.சி. முத்திரை எல்லாம் இருக்கிறதே, ரேடியோவில்தான் கோளாறு” என்கிறார். கேரளத்துக் கடைமீது இங்கிருந்து புகார் செய்ய முடியுமா?
– வாசகி, புளியரை

பதில்: முடியும். ரேடியோமீது பழி போடுவதை ஏற்காதீர்கள். அணைத்ததும் தெளிவாகிறது என்பதே போதுமான சாட்சி.

பல்பின் கழுத்துக்குள் இருக்கும் சிறு சுற்று, 230 வோல்ட் மின்சாரத்தை நொடிக்குப் பல்லாயிரம் முறை வெட்டி வெட்டித்தான் எல்.இ.டி.க்கு அனுப்புகிறது. அந்த வெட்டில் எழும் அலைகளின் மடங்குகள் 531 முதல் 1602 கிலோஹெர்ட்ஸ் வரையுள்ள மத்திய அலைவரிசையில் வந்து விழுகின்றன. திருநெல்வேலியின் 1197 அதற்குள்தான் இருக்கிறது. வீட்டு ஒயரிங்கே ஏரியலாகி, இரைச்சலை அறை அறையாகக் கொண்டுபோகிறது. சோக் என்னும் ஒரு கம்பிச்சுருளும் ஓரிரு கெப்பாசிட்டர்களும் இதைப் பெருமளவு அடக்கிவிடும். விலையைக் குறைக்க நினைப்பவர்கள் முதலில் கைவைப்பது அவற்றில்தான். சில ரூபாய் லாபத்துக்காக ஒரு முதியவரின் காலைச் செய்தியைப் பறிப்பது எனக்குக் கோபமூட்டுகிறது.

எஃப்.சி.சி. என்பது அமெரிக்க விதி, சி.இ. ஐரோப்பாவுக்கானது, அதையும் பெரும்பாலும் தயாரிப்பாளரே உறுதிகூறி அச்சிட்டுக்கொள்கிறார். இரண்டுமே இங்கே பொருளை விற்க அனுமதியாகாது. நம் நாட்டில் இந்த பல்புக்குக் கட்டாயமானது பி.ஐ.எஸ். என்னும் இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பதிவு. ஐ.எஸ். 16102 என்ற தர எண்ணும், ‘ஆர்’ என்ற ஆங்கில எழுத்தில் தொடங்கும் பதிவு எண்ணும் பொருளிலோ பெட்டியிலோ இருக்க வேண்டும். பி.ஐ.எஸ். கேர் செயலியில் அந்த எண்ணைப் போட்டால் யாருடையது என்று தெரிந்துவிடும். எண் இல்லையென்றால், அதை விற்றதே குற்றம். உங்கள் வாதம் அங்கேயே வென்றுவிடும்.

எண் இருந்தாலும் ஒன்றைக் கவனியுங்கள். அந்தப் பதிவு மின் பாதுகாப்பைப் பார்ப்பது. ரேடியோ இரைச்சலின் வரம்புக்கு ஐ.எஸ். 6873 என்று தனித் தரம் இருக்கிறது. ஆகவே முத்திரையுள்ள பல்பும் இரையலாம்.

புகாருக்கு முதலில் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள். ஆறு பல்பு விஷயம் பெரும்பாலும் அங்கேயே தீரும். தீராவிட்டால், 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்துக்கான நுகர்வோர் ஆணையத்திலேயே மனுச் செய்யலாம். பொருளுக்குக் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய் வரை என்றால் கட்டணம் கிடையாது. ஆரியங்காவைத் தாண்டிக் கேரளத்துக்கு அலைய வேண்டியதில்லை. பில்லையும் பெட்டியையும் பத்திரப்படுத்துங்கள். ரேடியோவை 1197இல் வைத்து, பல்பைப் போட்டு அணைத்து, இரண்டு நிமிடம் கைபேசியில் படமெடுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த முறை பல்பு வாங்கப் போகும்போது செல் போட்ட சிறு ரேடியோ ஒன்றைப் பையில் எடுத்துச் செல்லுங்கள். நிலையம் எதுவும் இல்லாத இடத்தில் முள்ளை வைத்து, கடையில் எரியும் பல்புக்கு ஒரு சாண் அருகே பிடியுங்கள். பல்புக்குப் பல்பு இரைச்சல் எவ்வளவு வேறுபடுகிறது என்பது காதிலேயே தெரியும்.

அதுவரை அப்பாவின் ரேடியோவை பேட்டரி செல்லில் ஓடவிட்டு, சுவர் ஒயரிலிருந்து தள்ளி வைத்து, மெல்லத் திருப்பிப் பார்க்கச் சொல்லுங்கள். உள்ளே ஏரியலாக இருக்கும் ஃபெரைட் தண்டு திசைக்குத் தக்கபடி அலையை வாங்குவது. ஏதாவது ஒரு கோணத்தில் இரைச்சல் தணிந்து நிலையம் மேலே வரக்கூடும்.