இந்தோனேசிய எரிமலைகள்: கேளுங்கள், சொல்கிறேன்

கேள்வி: இந்தோனேசியாவிலேயே உயரமான எரிமலை செமேருதான் என்கிறான் என் நண்பன். சரியா?

பதில்: பாதி சரி. செமேரு (3,676 மீட்டர்) ஜாவா தீவுக்குத்தான் பெரியது. நாட்டின் உயரமான எரிமலை சுமத்ராவில் உள்ள கெரிஞ்சி, 3,805 மீட்டர். பப்புவாவின் புன்சாக் ஜெயா 4,884 மீட்டர், ஆனால் அது சுண்ணாம்புப் பாறை, எரிமலை இல்லை.

கேள்வி: செமேரு நம் புராணத்து மேருவா?

பதில்: அதே பெயர்தான். உச்சியை மகாமேரு என்றே அழைக்கிறார்கள். பக்கத்தில் அர்ஜுனோ என்று ஒரு மலை, பிரம்மாவின் பெயரில் புரோமோ. புரோமோவைச் சுற்றி வாழும் தெங்கர் மக்கள் இன்றும் இந்துக்கள். கசடா விழாவன்று காய்கறி, கோழி, ஆடு என்று எரிமலை வாய்க்குள் வீசுவார்கள். உள்சரிவில் வலையோடு நிற்கும் சிலர் அதை லாவகமாகப் பிடித்துக்கொள்வார்கள். சாமிக்குப் போட்டாகிவிட்டது, அப்புறம் யார் எடுத்தால் என்ன!

கேள்வி: 1883 கிரகடோவா வெடிப்புதானே எல்லாவற்றிலும் பெரியது?

பதில்: இல்லை. பதிவான வரலாற்றில் பெரியது சும்பாவா தீவின் தம்போரா, 1815. சுமார் 4,300 மீட்டர் இருந்த மலை 2,850 மீட்டராகக் குறுகியது. அதன் விளைவாக 1816இல் ஐரோப்பாவுக்குக் கோடையே வரவில்லை. கிரகடோவா காலத்தில் தந்தி வந்துவிட்டதால் அதற்குத்தான் பேர். அந்த இடத்தில் 1927இல் தலைகாட்டிய 'அனாக் கிரகடோவா' (அனாக் என்றால் பிள்ளை) 2018 டிசம்பர் 22 இரவு ஒரு பக்கம் சரிந்து கடலில் விழ, சுனாமி கிளம்பியது.

கேள்வி: எட்டு வயதுப் பையனோடு லொம்போக் தீவின் ரின்ஜானி எரிமலை ஏறலாமா?

பதில்: வேண்டாம். 3,726 மீட்டர். உச்சிக்குக் கீழே முழுக்கச் சரளை, இரண்டடி வைத்தால் ஓரடி சறுக்கும். புரோமோ போங்கள், விளிம்பு வரை படிக்கட்டு உண்டு. ஸ்வெட்டரை மறக்காதீர்கள்.

கேள்வி: கிழக்கு ஜாவாவின் இஜென் எரிமலையில் நீல நிற எரிமலைக்குழம்பு ஓடுகிறதாமே?

பதில்: குழம்பு இல்லை. பாறைப் பிளவுகளில் சூடாக வரும் கந்தக வாயு காற்றுப் பட்டதும் பற்றிக்கொள்கிறது, சுடர்தான் நீலம். இருட்டில் மட்டுமே தெரியும் என்பதால் நடுராத்திரியில் ஏறுகிறார்கள். என்னைக் கேட்டால், விடிந்த பிறகுதான் பார்க்க வேண்டியதே இருக்கிறது. கந்தகம் எடுக்கும் தொழிலாளர்கள் வாயுவைக் குழாய்களில் விட்டு ஆற வைக்கிறார்கள். குழாய் முனையில் சிவப்பாகச் சொட்டுவது இறுகி மஞ்சள் பாளமாகிறது. அதைக் கம்பியால் பெயர்த்து, மூங்கில் கழியின் இருபக்கக் கூடைகளில் அடுக்கி, எழுபது கிலோவுக்கு மேல் தோளில் சுமந்து செங்குத்தாக ஏறி வருவார்கள். எதிரே வந்தால் முதலில் வழி விடுங்கள். படம் அப்புறம் எடுக்கலாம்.