வாசகர் கேள்வி பதில்: நஞ்சைக்குச் சட்டக் காவல் உண்டா?

கேள்வி: எங்கள் ஊர்க் கண்மாயின் ஆயக்கட்டில் (அதன் நீர் பாயும் பாசனப் பரப்பில்) சில ஏக்கர் நஞ்சையை வெளியூர்க்காரர் ஒருவர் வாங்கி, மண்ணடித்து, மனைக்கல் ஊன்றிவிட்டார். அதன் ஊடே கடைமடைக்குப் போகும் வாய்க்காலும் தூர்ந்துவிட்டது. கேரளத்தில் இருப்பதுபோல் வயலைக் காக்கும் சட்டம் நமக்கு இல்லையா?
– ஒரு வாசகர், திருவாடானை வட்டம்

பதில்: இல்லை. கேரளத்தின் 2008ஆம் ஆண்டு நெல்வயல், நீர்நிலப் பாதுகாப்புச் சட்டம் வயலை மாற்றுவதையே குற்றமாக்கி, ஆறு மாதம் முதல் இரண்டு ஆண்டு வரை சிறையும், குறைந்தது 50,000 ரூபாய் அபராதமும் விதிக்கிறது. நம் மாநிலத்தின் 2020ஆம் ஆண்டு பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டமோ உங்கள் வட்டத்தின் வடக்கு எல்லையோடு நின்றுவிடுகிறது. ஆவுடையார்கோயில், மணமேல்குடி ஒன்றியங்கள் அதற்குள் வருகின்றன, திருவாடானை வரவில்லை. வந்திருந்தாலும் அது தடுப்பது எண்ணெய், எரிவாயுக் கிணறுகளையும் உருக்காலைகளையும்தானே தவிர வீட்டுமனைகளை அல்ல. மத்திய அரசின் 2017ஆம் ஆண்டு ஈரநில விதிகள் நெல்வயலையும் பாசனத்துக்கென்று கட்டிய நீர்நிலைகளையும் தம் வரையறையிலிருந்தே விலக்கிவிட்டன. 2022இல் பன்னாட்டு முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்ந்த சித்திரங்குடியும் காஞ்சிரங்குளமும்கூட அடிப்படையில் கண்மாய்கள்தாம். பறவைகள் வந்து தங்கியதால் அவற்றுக்குக் கிடைத்த காவல், நெல் மட்டுமே விளையும் உங்கள் கண்மாய்க்குக் கிடைக்கவில்லை.

ஆகவே வயலை முன்வைத்து வாதாடுவதைவிட வாய்க்காலை முன்வைத்து வாதாடுவதே உங்களுக்குப் பலன் தரும் என்பது என் கருத்து. முதலில் அந்தப் புல எண்ணின் புல வரைபடத்தையும், நிலத்தின் வகையைக் காட்டும் வருவாய்த் துறையின் ‘அ’ பதிவேட்டு நகலையும் வாங்கிப் பாருங்கள். வாய்க்கால் தனி உட்பிரிவாகப் புறம்போக்கு என்று பதிவாகியிருந்தால், இருபுறமும் நிலம் வாங்கியவருக்கு அதன்மீது எந்த உரிமையும் கிடையாது. மனு யாருக்குப் போக வேண்டும் என்பதிலும் கவனம் தேவை. 40 ஹெக்டேருக்கு மேல் ஆயக்கட்டு உள்ள கண்மாய் நீர்வளத் துறையின் பொறுப்பு. அதற்கு 2007ஆம் ஆண்டு ஏரிகள் பாதுகாப்பு மற்றும் ஆக்கிரமிப்பு அகற்றுதல் சட்டம் துணை நிற்கும். 40 ஹெக்டேருக்குக் குறைவான ஆயக்கட்டு உள்ளது ஊராட்சி ஒன்றியக் கண்மாய். அங்கே வட்டாட்சியரிடம் 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின்படி நடவடிக்கை கோர வேண்டும். வாய்க்கால் பட்டா நிலத்துக்குள்ளேயே பிரிக்கப்படாமல் ஓடியிருந்தால்தான் சிக்கல். அப்போது 20 ஆண்டுகளுக்கும் மேலாகத் தடையின்றி நீர் பாய்ந்து வந்ததை உரிமையியல் நீதிமன்றத்தில் நிறுவ வேண்டியிருக்கும்.

மனைப்பிரிவையும் விட்டுவிட வேண்டாம். நகரமைப்புத் திட்டப்பகுதிக்கு வெளியே விளைநிலத்தை வேறு பயனுக்கு மாற்ற, நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 47-ஏ பிரிவின்படி முன் இசைவு பெற வேண்டும். அங்கீகாரமில்லாத மனையை 20.10.2016க்குப் பிறகு முதன்முறையாக விற்றால் அந்தப் பத்திரத்தைப் பதிய முடியாது. இசைவு தரப்பட்டதா என்று தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் கேளுங்கள். தரப்படவில்லை என்றால் அந்தப் பதிலின் நகலையும் புல எண்ணையும் சார்பதிவாளரிடம் எழுத்துமூலம் கொடுத்து, ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள்.

நம் ராமநாதபுரம் மாவட்டத்துக்கே உரிய ஓர் இடையூறும் உண்டு. புழுதியில் விதைத்து, வடகிழக்குப் பருவமழையில் ஒருபோகம் எடுக்கும் வயலைச் சித்திரையில் வந்து பார்க்கும் அதிகாரியின் கண்ணில் படுவது வெடித்த மண்ணும் கருவேலமுள்ளும்தான். ‘தரிசு’ என்று அறிக்கை எழுத அதுவே போதும். ஆண்டுதோறும் பயிர்க் கணக்கான அடங்கலில் நெல் என்று பதிவாகிறதா என்பதைக் கிராம நிர்வாக அலுவலரிடம் சரிபார்த்து நகல் வாங்கிவையுங்கள். தள ஆய்வைக் கார்த்திகை, மார்கழியில் நடத்தச் சொல்லி மனுவிலேயே கேட்கலாம்.

கேள்வி: என் வயலை ஒட்டியிருந்த நஞ்சையில் இறால் பண்ணை வெட்டுகிறார்கள். சொந்தப் பட்டா நிலம் என்பதால் தடுக்க முடியாது என்கிறார்கள். உண்மையா?
– ஒரு வாசகி, தேவிபட்டினம்

பதில்: உண்மையல்ல. விளைநிலத்தையும் உப்பளத்தையும் அலையாத்திக் காட்டையும் இறால் குளமாக மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் எஸ். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில் 11.12.1996 அன்று தீர்ப்பளித்தது. 2005ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையத்தில் பதியாமல் பண்ணை நடத்தவும் முடியாது. ஆட்சியர் தலைமையிலான மாவட்டக் குழுவுக்கு, அந்த நிலம் நஞ்சை என்று காட்டும் ‘அ’ பதிவேட்டு நகலோடு இப்போதே மனு கொடுங்கள். உங்கள் கிணற்று நீரையும் வயல் மண்ணையும் குளத்தில் உப்புநீர் ஏற்றுவதற்கு முன்பே அரசு ஆய்வகத்தில் சோதித்துச் சான்று வாங்கிவிடுங்கள். பின்னாளில் உவர் ஏறினால் முன்னிருந்த நிலையைக் காட்ட அந்தச் சான்று உதவும்.