தாளம், கோலம், பஞ்சாங்கம்: சுற்றுக்கணக்கு பற்றிக் கேள்வி பதில்

டீச்சர், சுற்றுக்கணக்கு என்றால் என்ன? சுருக்கமாகச் சொல்லுங்களேன். (செல்லூரிலிருந்து)

ஒரு வட்டத்தில் ஒரே அளவாக அடி வைத்துப் போய்க்கொண்டே இருந்தால், கிளம்பின இடத்துக்கு எப்போது திரும்புவோம்? வழியில் எதை மிதிப்போம், எதைத் தாண்டிவிடுவோம்? இதே கேள்வியைத் தாளத்திலும் கோலத்திலும் பஞ்சாங்கத்திலும் கேட்டுப் பார்ப்பதற்கு நான் வைத்த பெயர் அது. எந்தக் கல்லூரியிலும் இப்படி ஒரு பாடம் கிடையாது, கோத்தது நான். ஆனால் உள்ளே இருப்பது பள்ளிக்கூடத்தில் எல்லாரும் படித்த மீப்பெரு பொதுக் காரணியும் மீச்சிறு பொது மடங்கும்தான்.

மிருதங்கம் கற்றுக்கொள்கிறேன். ஆதி தாளத்தில் 'தகதகிட' (ஐந்து சொல்) திரும்பத் திரும்ப வாசித்தால் சமம், அதாவது தாளம் தொடங்கும் இடம், வந்து சேர ரொம்ப நேரமாகிறது. 'தகதிமிதக' (ஆறு சொல்) சட்டென்று வந்துவிடுகிறது. ஆறு பெரிய எண்தானே? (திருமங்கலம்)

நல்ல கேள்வி தம்பி, இந்தக் கணக்கின் உயிரே இங்கேதான் இருக்கிறது. ஆதி தாளத்தின் ஒரு சுற்று, அதாவது ஓர் ஆவர்த்தனம், 8 அட்சரம் (எண்ணிக்கை). அட்சரத்துக்கு ஒரு சொல் என்று வைத்துக்கொள்வோம். 5-க்கும் 8-க்கும் பொதுக் காரணி 1. அதனால் 40 அட்சரம், அதாவது 5 ஆவர்த்தனம் ஓடியாக வேண்டும். 6-க்கும் 8-க்கும் பொதுவில் 2 இருக்கிறது. 24 அட்சரத்தில், 3 ஆவர்த்தனத்திலேயே முடிந்துவிடும்.

இப்போது ஒரு வட்டம் போட்டு 8 புள்ளி வையுங்கள். ஐந்தைந்தாகத் தாண்டிக் கோடு இழுத்தால் 1, 6, 3, 8, 5, 2, 7, 4, மறுபடி 1. கையெடுக்காமல் ஓர் எண்முனை நட்சத்திரம் வந்துவிடும். ஆறாறாகத் தாண்டினால் 1, 7, 5, 3, மறுபடி 1. வெறும் சதுரம்! இரட்டை எண் ஒன்றில்கூடச் சொற்கட்டு தொடங்குவதில்லை.

அப்புறம் கையைப் பாருங்கள். ஆதி தாளத்தில் தட்டு விழுவது 1, 5, 7-இல். 3 மோதிர விரல் எண்ணிக்கை. ஆறு சொல் போகிற சதுரம் மூன்று தட்டிலும் போய் உட்காருகிறது, கைக்கு இதமாக இருக்கும். ஐந்தோ அடுத்ததாகவே ஆறாம் அட்சரத்து வீச்சில் (கையைத் திருப்பி வீசும் இடத்தில்) போய் விழுகிறது. பாடகர் தாளம் போடும்போது மனசு பதறுவது அதனால்தான், அந்தப் பதற்றமே அதன் அழகும்.

நேர்ப்புள்ளி வைத்துச் சிக்குக்கோலம் போட்டால் சில நாள் ஒரே இழையில் முடிகிறது, சில நாள் தனித்தனி இழையாகிறது. என் கைக்கோளாறா? (மேலூர்)

உங்கள் கையில் கோளாறே இல்லை அக்கா, எண்ணிக்கைதான் காரணம். 4 வரிசைக்கு 5 புள்ளி என்றால் ஒரே இழை. 4-க்கு 6 என்றால் இரண்டு. 4-க்கு 4 என்றால் நான்கு. இரண்டு எண்ணின் மீப்பெரு பொதுக் காரணி எவ்வளவோ அத்தனை இழை. பக்கத்துப் பக்கத்துப் புள்ளிகளுக்கு நடுவே இழை எப்போதும் குறுக்கே வெட்டிப் போய், ஓரத்தில் மட்டும் திரும்ப வேண்டும். நடுவில் எங்காவது வளைத்தாலோ, இடுக்குப்புள்ளி (இரண்டு புள்ளிக்கு நடுவே வரும்படி அடுத்த வரிசைப் புள்ளி) வைத்தாலோ இந்தக் கணக்கு செல்லாது.

தம்பியின் கேள்வியோடு இதைச் சேர்த்துப் பாருங்கள். 5-க்கு 8 போட்டால் ஒரே இழை, தாளத்தில் ஒரே நட்சத்திரம். 6-க்கு 8 போட்டால் இரண்டு இழை. தாளத்தில் ஒரு சதுரமும், அது தொடாமல் விட்ட இன்னொரு சதுரமும்.

ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி என்று நம்ம மதுரை வீதிகள் மாதப் பெயரில் சதுரம் சதுரமாக இருக்கின்றனவே, அதுவும் இதுதானா? (ஆரப்பாளையம்)

இல்லை. காலமும் வடிவமும் அங்கே சேர்ந்திருக்கின்றன, எனக்கும் அது பெருமைதான். ஆனால் தாண்டித் திரும்புகிற எண் அங்கே இல்லை. அழகான எல்லாவற்றையும் இதற்குள் இழுக்க வேண்டாம்.

மீனாட்சி கோயில் வடக்கு ஆடி வீதி இசைத்தூண்கள்? (திருப்பரங்குன்றம்)

அதிலும் இல்லை. அது கல்லின் கணக்கு. ஒரே கல்லில் 22 மெல்லிய தூண்கள்; எந்தச் சத்தம் வரும் என்பதைத் தூணின் கனமும் நீளமும் தீர்மானிக்கின்றன. தயவுசெய்து காசு கொண்டு தட்டிப் பார்க்காதீர்கள், கல் தேய்கிறது.

தமிழ் வருஷம் ஏன் 60? (உசிலம்பட்டி)

வியாழன் ராசிச் சக்கரத்தைச் சுற்ற ஏறக்குறைய 12 வருஷம், சனி ஏறக்குறைய 30. மீச்சிறு பொது மடங்கு 60. அசலில் வியாழனுக்கு 11.86, சனிக்கு 29.46 என்பதால் கொஞ்சம் முன்னாலேயே வந்துவிடுகின்றன.

ஸ்வரங்களையும் வட்டத்தில் வைக்கலாமா? (சோழவந்தான்)

தாராளமாக. சிலப்பதிகாரத்து ஆய்ச்சியர் குரவையில், மதுரைக்கு வெளியே ஆயர்பாடியில், ஏழு பெண்களுக்கு குரல், துத்தம் என்று ஏழு ஸ்வரப் பெயர் வைத்து வட்டமாக நிறுத்துகிறாள் மாதரி. நாம் 12 ஸ்வர ஸ்தானங்களை வைப்போம். ச-விலிருந்து ப 7 இடம். ஏழேழாகத் தாண்டினால் பன்னிரண்டையும் தொட்டுத் திரும்பி விடலாம், 7-க்கும் 12-க்கும் பொதுவில் 1 தானே. ஆனால் காதில் வட்டம் மூடாது. சுத்தமான பஞ்சமத்தின் (ப) அதிர்வு ச-வைப் போல ஒன்றரை மடங்கு. அதைப் பன்னிரண்டு முறை பெருக்கினால் 129.75 வரும், ஏழு ஸ்தாயிக்கு (ஒரு ச-விலிருந்து மேல் ச வரை ஒரு ஸ்தாயி, அதிர்வு இரட்டிப்பாகும்) வேண்டியது 128. அதைச் சரிக்கட்டத்தான் கீபோர்டில் ஒவ்வொரு பஞ்சமத்தையும் ஒரு துளி இறக்கி வைத்திருக்கிறார்கள். ஒரு கட்டை (C) சுருதியில் நடு ஸ்தாயி ச, ப இரண்டையும் சேர்த்து அழுத்திப் பிடித்துக் கேளுங்கள். நொடிக்கு ஏறத்தாழ ஒரு முறை ஒலி ஏறி இறங்கும்.